செசில் டெகுஜி: 1960-க்குப் பின் வரும் இடைவெளி ஏன்?

அந்த இடைவெளிக்குக் காரணம் சிறை. பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் 'பிரெத்லெஸ்' படத்தைத் தொகுத்த செசில் டெகுஜியின் பெயர் 1960-க்குப் பிறகு சில வருடங்கள் படப் பட்டியலில் காணவில்லை, தரவுப் பிழையா என்று கேட்டிருந்தீர்கள். பிழையில்லை.

பிரான்ஸுக்கு எதிராக அல்ஜீரிய விடுதலைப் போர் நடந்த காலம் அது. அந்தப் போரை நடத்திய தேசிய விடுதலை முன்னணிக்காரர்களுக்கு வீடு வாடகைக்கு எடுத்துக் கொடுத்தார் என்று டெகுஜியை 1960-இல் கைது செய்தார்கள். ஐந்தாண்டு தண்டனை, இரண்டு ஆண்டுகள் உள்ளே இருந்தார். அவர் வெட்டி ஒட்டிய படத்தை உலகமே கொண்டாடியபோது அவர் கம்பிக்குள். எனக்கு இன்றும் மனசு ஆறவில்லை.

ஒன்று செய்து பாருங்கள். த்ரூஃபோவின் 'ஷூட் த பியானோ பிளேயர்' படத்தில் தொகுப்புக்கு இரண்டு பெயர்கள் இருக்கும்: கிளோதின் பூஷே, செசில் டெகுஜி. அதன் பிறகு எரிக் ரோமரின் 'மை நைட் அட் மாட்ஸ்' (1969), 'கிளேர்ஸ் நீ' (1970) படங்களைப் பாருங்கள். மறுபடி அதே பெயர்! பேச்சுக்கு நடுவே அந்த மௌனங்களை எவ்வளவு பொறுமையாக விட்டுவைக்கிறார் என்று கவனியுங்கள். 1984-இல் வந்த 'ஃபுல் மூன் இன் பாரிஸ்' வரை ரோமரோடு வேலை செய்தார்.

ஆனால் பட்டியலில் இருப்பது படம் வெளியான வருடம்தான். 'பிரெத்லெஸ்' 1959-லேயே எடுத்த படம். அதனால் இடைவெளியை வருடக் கணக்காகக் கழித்துப் பார்த்து, அத்தனையும் சிறைக்காலம் என்று எழுதிவிடாதீர்கள்.