இரண்டு கையாலும் பந்து எறிகிறான் மகன்: ஒரு கையை விடச் சொல்லலாமா?

கேள்வி: நாங்கள் அமெரிக்காவில் வசிக்கிறோம். பத்து வயது மகன் லிட்டில் லீக் என்ற சிறுவர் பேஸ்பால் அமைப்பில் ஆடுகிறான். வலக்கைக்காரன்தான், ஆனால் இடக்கையாலும் நன்றாகவே எறிகிறான். "ஏதாவது ஒரு கையை முடிவு செய்யுங்கள்" என்கிறார் கோச். இரண்டு கையாலும் எறிந்து, தொழில்முறை ஆட்டத்தின் உச்சமான மேஜர் லீக் வரை போனவர்கள் உண்டா? ஒரு கை களைத்தால் மறு கையால் எறியலாம் என்பதால், இவன் மற்றவர்களைவிட அதிகப் பந்துகள் எறியலாம்தானே?

பதில்: முதல் கேள்விக்கு, உண்டு. இரண்டாவதற்கு, கூடவே கூடாது. பாட் வெண்டெட்டி என்ற ரிலீஃப் பிட்சரின் (ஆட்டத்தின் நடுவில் மாற்றாக வந்து பந்து எறிபவர், ரிலீவர் என்றும் சொல்வார்கள்) கதையைச் சொன்னால் இரண்டும் விளங்கிவிடும். பேஸ்பால் பார்ப்பவர்களிலேயே பலருக்கு இவரைத் தெரியாது.

முதலில், இரண்டு கைக்கு ஏன் மதிப்பு என்று பார்ப்போம். வலக்கை பிட்சர் எறியும் பந்து வலக்கை பேட்டரின் தோளுக்குப் பின்னாலிருந்து வருவது போலத் தெரியும். ஸ்லைடர் என்ற பக்கவாட்டில் வளையும் பந்தை எறிந்தால் கடைசி நொடியில் அவரை விட்டு வெளியே விலகும். அதே பந்து இடக்கை பேட்டருக்கு உள்ளே வரும், கையிலிருந்து கிளம்பியதுமே கண்ணுக்கும் கிடைத்துவிடும். அதனால்தான் ஆட்டத்தின் கடைசிக் கட்டத்தில் இடக்கை பேட்டர் வந்தால் இடக்கை ரிலீவர், வலக்கை பேட்டர் வந்தால் வலக்கை ரிலீவர் என்று மேனேஜர்கள் ஆள் மாற்றுகிறார்கள். வெண்டெட்டி இந்த இரண்டு ஆட்களின் வேலையையும் ஒருவராகச் செய்தார்.

அவர் பிறந்தது 1985-இல், நெப்ராஸ்கா மாநிலத்து ஒமாஹாவில். பிறவியில் வலக்கைக்காரர். மூன்று வயதிலேயே அவர் அப்பா இடக்கையாலும் எறியப் பழக்கினார். அதில் எனக்கு மிகவும் பிடித்தது, கையோடு நிற்காமல் காலையும் பழக்கியதுதான். அமெரிக்கக் கால்பந்தை இரண்டு காலாலும் உதைக்க வைத்தார். பந்து எறியும்போது எந்தக் கால் எழும்ப வேண்டும், இடுப்பு எப்போது திரும்ப வேண்டும் என்பது உடம்பில் பதியாவிட்டால், கை மட்டும் பழகி என்ன பயன்? பிற்காலத்தில் அவர் கையுறையும் விசேஷமானது. மிசுனோ கம்பெனி செய்து தந்த அதில் ஆறு விரல், இரு ஓரத்திலும் ஒவ்வொரு கட்டை விரல். எந்தக் கையிலும் மாட்டிக்கொள்ளலாம்.

கிரெய்ட்டன் பல்கலைக்கழகத்தில் ஆடியவரை 2007 டிராஃப்டில் (மேஜர் லீக் அணிகள் இளம் வீரர்களைச் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வு) நியூயார்க் யாங்கீஸ் 45-வது சுற்றில் எடுத்தது. அவர் சேராமல் கல்லூரிக்கே திரும்பினார். அடுத்த ஆண்டு அதே அணி 20-வது சுற்றில் எடுத்தது. 2008 ஜூனில் யாங்கீஸின் கீழ்நிலை அணியான ஸ்டேட்டன் ஐலண்டுக்காக ஆடியபோதுதான் அந்தப் புகழ்பெற்ற கூத்து நடந்தது. எதிரே ரால்ஃப் ஹென்ரிக்கேஸ், இரண்டு பக்கமும் நின்று அடிக்கக்கூடியவர். அவர் இடப்பக்கம் நின்றால் வெண்டெட்டி இடக்கையால் எறியக் கையுறையை மாற்றுவார். உடனே அவர் வலப்பக்கம் போவார், இவர் மறுபடி மாற்றுவார். இப்படியே நிமிடங்கள் ஓடின. அம்பயர்கள் கூடிப் பேசி ஒருவழியாகத் தீர்த்து வைத்தார்கள், பேட்டர் அவுட் ஆனார். இதனாலேயே புது விதி வந்தது. எந்தக் கையால் எறியப் போகிறேன் என்று பிட்சர்தான் முதலில் காட்ட வேண்டும், அந்த பேட்டரின் முறை முடியும் வரை மாற்றக் கூடாது. காயம் பட்டால் மாற்றலாம், ஆனால் காயம் பட்ட கையால் அன்றைக்கு மறுபடி எறிய முடியாது.

இவ்வளவு அபூர்வமான திறமை இருந்தும் மேஜர் லீக் வாசலை மிதிக்க ஏழு வருடம் ஆனது. 2015 ஜூன் 5, முப்பதாவது பிறந்தநாளுக்கு 25 நாள் முன்பு, ஓக்லண்ட் அணிக்காக பாஸ்டனின் ஃபென்வே பார்க்கில் இறங்கினார். முதலில் வந்த இடக்கை பேட்டர் பிராக் ஹோல்ட்டை இடக்கையால் எறிந்து அவுட் ஆக்கினார். அடுத்து வலக்கை பேட்டர் ஹான்லி ராமிரெஸ் வர, கையுறையைக் கழற்றி மாற்றிக்கொண்டு வலக்கையால் எறிந்தார். இரண்டு இன்னிங்ஸ் எறிந்தார், எதிரணிக்கு ஒரே ஒரு ஹிட், ஒரு ரன்னும் இல்லை.

அப்புறம் அவர் எங்கும் நிலைக்கவில்லை. டொரன்டோ, சியாட்டில், லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ், சான் ஃபிரான்சிஸ்கோ, மயாமி என்று 2020 வரை மொத்தம் ஆறு அணிகள். காரணம் வேகம். மணிக்கு 95 மைல் வேகத்தில் எறிபவர்கள் அணிக்கு அணி இருக்கும் இடத்தில், இவர் வலக்கைப் பந்தின் வேகம் 85 மைலை ஒட்டியே இருந்தது. பக்கவாட்டில் கையைத் தாழ்த்தி எறியும் இடக்கைப் பந்து அதைவிட மெது. ஆனாலும் வெறும் வலக்கையை நம்பியிருந்தால் ஃபென்வே வரை போயிருக்கவே மாட்டார் என்று நான் உறுதியாகச் சொல்வேன்.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்வி. இரண்டு கை இருந்தும் வெண்டெட்டி காயத்திலிருந்து தப்பவில்லை. 2012-இல் வலத் தோளின் உள் குருத்தெலும்பு கிழிந்தது. 2015-இல் மேஜர் லீக் வந்த கொஞ்ச நாளிலேயே அதே தோளில் மறுபடி தொந்தரவு. இடக்கையால் எறியும்போதும் இடுப்பு, முதுகு, கால் எல்லாம் அதே உடம்பினுடையவை. களைத்த இடுப்பு சரியாகத் திரும்பாது, அந்தக் குறையைத் தோளும் முழங்கையும் சுமக்கும். பத்து வயதில் எலும்பின் வளர்ச்சித் தட்டு (எலும்பு நீளும் மென்மையான பகுதி) இன்னும் இளசு, அடி அங்கேதான் விழும். லிட்டில் லீக் விதிப்படி 9, 10 வயதுப் பிள்ளைக்கு ஒரு நாளைக்கு 75 பந்துகள்தான். அது ஆளுக்கான கணக்கு, கைக்கு இவ்வளவு என்றில்லை. 66 பந்தோ அதற்கு மேலோ எறிந்தால் நான்கு நாள் ஓய்வு. வருடத்தில் நான்கு மாதமாவது எறிவதற்கே விடுமுறை கொடுங்கள், அதில் இரண்டு மூன்று மாதம் தொடர்ச்சியாக இருக்கட்டும். தோளோ முழங்கையோ வலிக்கிறது என்று சொன்னால் மறு கைக்கு மாற்றாதீர்கள். அன்றைக்கு ஆட்டம் முடிந்தது, டாக்டரிடம் காட்டுங்கள்.

கோச் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. இரண்டாவது கை என்பது இன்னொரு தொழில் கற்பது மாதிரி, நேரம் இரட்டிப்பாகப் போகும். ஆனால் பத்து வயதில் அதை வெட்டிவிட அவசரம் இல்லை. நம் வீடுகளில் 'சோத்துக்கை, பீச்சாங்கை' என்று சொல்லிச் சொல்லி எத்தனை பிள்ளைகளின் இடக்கையை முடக்கியிருக்கிறோம்! 2024 டிராஃப்டில் சியாட்டில் மரீனர்ஸ் முதல் சுற்றிலேயே, 15-வது ஆளாக எடுத்த ஜுராஞ்சலோ செயின்ஜாவும் இரண்டு கையாலும் எறிந்து பேர் வாங்கியவர்தான். பிறவியில் இடக்கை. கேட்சராக இருந்த அப்பாவைப் போல ஆக வேண்டும் என்ற ஆசையில் சின்ன வயதிலேயே வலக்கையைத் தானே பழகிக்கொண்டவர்.

ஆகவே மகனையே கேளுங்கள். அவனுக்கு ஆசை என்றால் ஆட்டங்களில் வலக்கை மட்டும், பயிற்சியில் கடைசிப் பத்து நிமிடம் இடக்கை என்று கோச்சிடம் பேசிப் பாருங்கள். அந்தப் பந்துகளையும் அன்றைய மொத்தத்தில் சேர்த்து எண்ண வேண்டும். ஆறு விரல் கையுறை இப்போது வேண்டாம். இடக்கைக்காரர்களுக்கான சாதாரணக் கையுறை ஒன்று போதும், அது வலக்கையில் மாட்டுவது. இடக்கையால் எறியும்போது பந்தைப் பார்க்காமல் அவன் வலது பாதத்தைப் பாருங்கள். பத்து முறை எறிந்தால் பத்து முறையும் ஏறக்குறைய ஒரே இடத்தில் அது ஊன்ற வேண்டும். அந்த நிலை வந்த பிறகு, ஆட்டத்தில் ஒரு இன்னிங்ஸ் இடக்கையால் எறியட்டுமா என்று கோச்சிடம் கேளுங்கள்.