சூதாட்ட மேசையில் ஒரு பிரபு – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பிரெஞ்சு இயக்குநர் ரெனுவாரின் 'ரூல்ஸ் ஆஃப் தி கேம்' பார்த்த மறுவாரம் 'காசாபிளாங்கா'வை மறுபடி போட்டுப் பார்த்தேன். நாயகன் ரிக்கின் விடுதியில் சூதாட்ட ரூலட் சக்கரம் சுற்றுகிறவரைக் கண்டதும் தூக்கிவாரிப் போட்டது. ரெனுவார் படத்தில் பிரபுவாக வந்தவரேதானா? நடிகர் பட்டியலில் தேடினேன், பெயரே இல்லை. மூன்று வருடத்தில் இப்படி ஒரு வீழ்ச்சியா? குணச்சித்திர நடிகரின் வாழ்க்கை இவ்வளவுதானா?

ரா.

அன்புள்ள ரா.,

அவரேதான், மார்செல் டாலியோ. பெயர் இல்லாததைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். டீ கொடுத்தவர் வரைக்கும் பெயர் ஓடுவது பிற்கால வழக்கம். அன்றைய ஸ்டுடியோக்கள் முக்கியமானவர்கள் சிலரை மட்டும் போட்டுவிட்டு முடித்துக்கொள்ளும். அதிலும் ஒரு குரூரம் உண்டு. டாலியோவின் மனைவி மதலேன் லெபோவின் பெயர் அதே பட்டியலில் இருக்கிறது. பிரெஞ்சு தேசிய கீதமான மார்செய்யேஸ் பாடும்போது கண்ணீரோடு நிற்கும் இவோன் அவர்தான். 1942-ல் அந்தத் திருமணமும் முறிந்தது.

எமில் என்கிற அந்த வேடம் சும்மா வந்து நிற்கிற ஆளுக்குக் கொடுக்கக்கூடியது அல்ல. வீசாவுக்குப் பணம் சேர்க்க வந்த பல்கேரிய இளைஞன் கடைசிச் சில்லுகளோடு உட்கார்ந்திருக்கிறான். 22-ல் வைத்துப் பார்த்தாயா என்று கேட்கும் ரிக், எமிலை ஒரு பார்வை பார்க்கிறான். பந்து 22-ல் விழுகிறது. எடுக்காதே, அப்படியே விடு என்கிறான். மறுபடியும் 22. பூச்சியத்தோடு 37 குழிகள் உள்ள ஐரோப்பியச் சக்கரத்தில் சொன்ன எண்ணே அடுத்தடுத்து இரண்டு தடவை விழ 1369-ல் ஒரு வாய்ப்புதான். சக்கரத்தில் கைவரிசை இருக்கிறது என்று யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. அந்தச் சேதியை நமக்குத் தருவது எமிலின் முகம்தான். பிறகு வரும்படி எப்படி என்று ரிக் கேட்க, நினைத்ததைவிட இரண்டாயிரம் போலக் குறைவு என்கிறார். முதலாளியின் தயவைக் கணக்குப்பிள்ளையின் குரலில் சொல்கிறார். இதில் ஒரு இழை கூடுதலாக நடித்திருந்தால் காட்சி இளித்துப்போயிருக்கும்.

டாலியோ இழந்தது என்று நான் நினைப்பது வேறு. அதற்கு அவருடைய பிரெஞ்சு வருடங்களுக்குப் போகவேண்டும். பாரிஸில் பிறந்தவர், ருமேனியாவிலிருந்து வந்த யூதக் குடும்பம். குள்ளமான உருவம், பெரிய கண்கள். இந்த உருவத்துக்கு அன்றைய பிரெஞ்சுத் தயாரிப்பாளர்கள் வைத்திருந்த அச்சு ஒன்றுதான்: வெளியாள், நம்பக்கூடாதவன். 1937-ல் 'பெப்பே ல மோக்கோ'வில் காட்டிக்கொடுப்பவராக வருவதைப் பாருங்கள். அதே வருடம் ரெனுவார் 'கிராண்ட் இல்யூஷ'னில் அவரைப் பணக்கார யூதக் கைதி ரோஸெந்தாலாக்கினார். வீட்டிலிருந்து வரும் உணவுப் பொட்டலங்களைச் சக கைதிகளோடு பங்கிட்டுக்கொள்ளும் மனிதர்.

1939-ல் அவரையே பிரபு ஆக்கியதுதான் பெரிய துணிச்சல். இந்த முகமா பிரபு என்று பார்வையாளன் முணுமுணுப்பான் என்று ரெனுவாருக்குத் தெரியும். அந்த முணுமுணுப்பை அவரே படத்தின் சமையல்கட்டுக்குள் வைத்துவிட்டார். வேலைக்காரர்கள் சாப்பிட்டுக்கொண்டே, எஜமானின் தாய்வழிப் பாட்டன் ஃபிராங்ஃபர்ட்டிலிருந்து வந்த ரோஸெந்தால் என்று வம்பளக்கிறார்கள். (அதே பெயர், கவனித்தீர்களா?) அதற்குத் தலைமைச் சமையற்காரர் உருளைக்கிழங்கு சாலட்டை வைத்துப் பதில் சொல்கிறார். கிழங்கு கொதிக்கக் கொதிக்க இருக்கும்போதே வெள்ளை ஒயினை ஊற்றவேண்டும், அப்போதுதான் அது வாயில் வைக்கிற மாதிரி இருக்கும். உதவியாள் விரல் சுட்டுவிடும் என்று ஆறவிட்டான். எஜமான் உடனே கண்டுபிடித்துக் கூப்பிட்டுத் திட்டினாராம். அதனால் அவர் அசல் கனவான் என்பது சமையற்காரரின் தீர்ப்பு.

பாரிஸ் பார்வையாளர்கள் அந்தத் தீர்ப்பை ஏற்கவில்லை. படம் ஊளையிடப்பட்டது, வெட்டப்பட்டது, சில மாதங்களில் தடையும் செய்யப்பட்டது. 1940 ஜூனில் ஜெர்மானியர்கள் வருமுன் டாலியோவும் மனைவியும் பாரிஸை விட்டு லிஸ்பன் போனார்கள். அங்கிருந்து சிலி நாட்டு வீசாவோடு கப்பலேறினார்கள். மெக்சிகோவில் அது போலி என்று தெரிந்தது. கனடாவின் தற்காலிகக் கடவுச்சீட்டு கிடைத்து, பிறகு ஹாலிவுட். இதற்கிடையே பாரிஸில், யூதனை அடையாளம் காண்பது எப்படி என்று காட்ட நாஜிகள் அவருடைய முகத்தையே சுவரொட்டியில் போட்டிருந்தார்கள்.

எவனைப் பிரெஞ்சுக்காரன் இல்லை என்று சுவரில் ஒட்டினார்களோ, அவனுக்கு ஹாலிவுட்டில் பெரும்பாலும் பிரெஞ்சுக்காரன் வேடம்தான் கிடைத்தது. காரணம் உச்சரிப்பு. பாரிஸில் அவருடைய குரல் தரகனுக்கும் பொருந்தும், பிரபுவுக்கும் பொருந்தும். ஆங்கிலத்தில் வாயைத் திறந்தால் தேசம் மட்டும்தான் கேட்கும், வர்க்கம் கேட்காது. 'சாங் ஆஃப் பெர்னடெட்'டில் பிரெஞ்சுப் போலீஸ்காரர், 'வில்சன்' படத்தில் பிரெஞ்சுப் பிரதமர் கிளெமான்ஸோ, ஹாக்ஸின் 'டு ஹேவ் அண்ட் ஹேவ் நாட்'டில் மார்ட்டினீக் என்ற பிரெஞ்சுத் தீவின் விடுதிக்காரர். கடைசி வேடத்தின் பட்டப்பெயரே ஃப்ரெஞ்சி! 1955-ல் 'காசாபிளாங்கா'வைத் தொலைக்காட்சித் தொடராக்கியபோது போலீஸ் கேப்டன் வேடம் அவருக்கு வந்தது. படத்தில் மேசைக்கு அந்தப் பக்கம் நின்று அதே கேப்டனிடம் பணம் நீட்டியவர் இந்தப் பக்கம் வந்துவிட்டார்.

போருக்குப் பிறகு பிரான்ஸுக்கும் அமெரிக்காவுக்கும் மாறி மாறி வேலை செய்தார். ரெனே கிளெமானின் 'லே மோதி' (1947) பார்க்கவேண்டிய படம். மற்றவற்றில் பல, அவர் இருக்கும் நிமிடங்களுக்காக மட்டும்.

பிரபுவை மறுபடி பார்ப்பதாக இருந்தால் 'ரூல்ஸ் ஆஃப் தி கேம்' படத்தின் 106 நிமிடப் பிரதியைத் தேடுங்கள். 1959-ல் ரெனுவாரின் ஒப்புதலோடு சேர்த்து ஒட்டியது அது. 80 சொச்சம் நிமிடம் என்று போட்டிருந்தால் வெட்டுப்பட்டது. மாளிகை விருந்தில் பிரபு தானே இசைக்கும் தன் புதிய இயந்திர ஆர்கனை விருந்தினருக்குத் திறந்து காட்டும் இடத்தில் நிறுத்தி நிதானமாகப் பாருங்கள். கேமரா ஆர்கனின் பொம்மைகளைக் கடந்து வந்து டாலியோவின் முகத்தில் நிற்கிறது. பெருமிதமும் கூச்சமும் ஒரே கணத்தில், எது முந்துகிறது என்று சொல்லமுடியாதபடி. அந்த ஒரு ஷாட்டுக்கு இரண்டு நாள் ஆனது. தன் வாழ்நாளில் எடுத்தவற்றில் சிறந்தது அதுவாக இருக்கலாம் என்று பல வருடம் கழித்து ரெனுவார் சொன்னபோது, டாலியோ பக்கத்தில்தான் இருந்தார்.