இரவு எட்டு மணிக்கு வீடு ஏன் அமைதியாகிறது?

கேள்வி: எனக்கு 37 வயது. மென்பொருள் நிறுவனத்தில் நல்ல சம்பளத்தில் இருந்தவன். 3 ஆண்டுகளுக்கு முன் வேலையை விட்டுவிட்டு 'நனவியம்' என்ற புதிய தத்துவத்தை எழுதி வருகிறேன். 400 பக்கங்கள் ஆகிவிட்டன. உலகம் முதலில் இருக்கிறது, பிறகு நாம் அதை அறிகிறோம் என்பது தவறு. நம் உணர்வு எதை உறுதியாகப் பற்றுகிறதோ அதுவே உலகமாகிறது. குவாண்டம் இயற்பியலும் இதையே சொல்கிறது. பேராசிரியர்கள் பலருக்கு அனுப்பினேன். ஒருவரும் பதில் எழுதவில்லை. எதிர்க்குரலை யார் கேட்பார்கள்? வீட்டிலும் அதே கதைதான். மனைவி தனியார் பள்ளி ஆசிரியை. பணக்கஷ்டம் என்பது அவள் பிடித்து வைத்திருக்கும் எண்ணம்தான் என்று விளக்கினால் எழுந்து போய்விடுகிறாள். மகள் இரண்டாம் வகுப்பு படிக்கிறாள். பகலில் டிவி, குக்கர், பக்கத்து மனையில் கட்டட வேலை என்று ஒரே சத்தம். இரவு எட்டு மணிக்கு அப்பா வாட்ச்மேன் வேலைக்குக் கிளம்பிய பிறகுதான் அவருடைய அறை காலியாகி, நிம்மதியாக எழுத முடிகிறது. என்னைப் புரிந்துகொள்ளாத குடும்பத்தோடு எப்படி வாழ்வது?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், திருச்சி

பதில்: தம்பி, உங்கள் நீண்ட கடிதத்தைச் சுருக்கித்தான் மேலே வெளியிட்டிருக்கிறோம். ஆனால் அப்பாவைப் பற்றிய பகுதியைச் சுருக்கவில்லை. முழுக் கடிதத்திலும் அவருக்கு அந்த ஒரு வாக்கியம்தான். அதுவும் அறை எப்போது காலியாகும் என்பதைச் சொல்வதற்காக.

அப்பாவுக்கு என்ன வயது? எழுதவில்லை. உங்களுக்கு 37 என்றால் அவர் அறுபதைத் தாண்டியவராகத்தான் இருக்க வேண்டும். முன்பு என்ன வேலை பார்த்தார்? எழுதவில்லை. இந்த வேலையில் சேர்ந்தது நீங்கள் ராஜினாமா செய்வதற்கு முன்பா, பின்பா? அதையும் எழுதவில்லை. இவ்வளவு விவரமாக எழுதுகிறவர் இதை மட்டும் விட்டிருப்பதால் எனக்கு விடை தெரிந்துவிட்டது.

இரவுக் காவல் என்றால் என்னவென்று விசாரித்திருக்கிறீர்களா? பெரும்பாலும் பன்னிரண்டு மணி நேரம். கேட்டின் ஓரத்தில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, கையில் டார்ச், காலடியில் கொசுவர்த்திச் சுருள். நள்ளிரவு தாண்டிக் கார் வந்து ஹாரன் அடித்தால், மூட்டு வலியோ என்னவோ, எழுந்து போய்க் கதவைத் திறக்க வேண்டும். கொஞ்சம் கண்ணயர்ந்தால் காலையில் எல்லோர் எதிரிலும் பேச்சு வாங்க வேண்டும். உங்கள் மகள் வயதுக் குழந்தைகள்கூட 'வாட்ச்மேன்' என்றுதான் கூப்பிடும். இதையெல்லாம் முடித்துக்கொண்டு காலையில் வீட்டுக்கு வருகிறவர் எப்போது தூங்குகிறார்? பகலில். எந்தப் பகலில்? டிவியும் குக்கரும் கட்டட வேலையும் சேர்ந்து உங்களை ஒரு வரி எழுதவிடாத அதே பகலில்.

உங்களுக்கு எழுத ஒத்துவராத சத்தத்தில் அவர் தூங்கியாக வேண்டும். மனித உணர்வைப் பற்றி 400 பக்கம் எழுதியவருக்கு, அடுத்த அறையில் கண்ணை மூடிக்கொண்டு புரள்கிறவரின் உணர்வு ஒரு நாளும் எட்டவில்லையா?

'வீட்டில் சும்மா இருந்தால் அவருக்குப் பொழுது போகவில்லை' என்று பதில் எழுதாதீர்கள். இப்படிப்பட்ட கடிதங்கள் எத்தனையோ வந்திருக்கின்றன. எல்லாவற்றிலும் இந்த வரி இருக்கும். பொழுது போகாதவர் கோயிலுக்குப் போவார், நூலகத்துக்குப் போவார், பேத்தியைப் பள்ளிக்கு அழைத்துப் போவார். விடிய விடியக் காவல் இருப்பவர் பணத்துக்காக இருக்கிறார்.

தத்துவத்துக்கு வருகிறேன். புதிது, எதிர்க்குரல் என்கிறீர்கள். இது ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கும் மேலான வழக்கு. யோகாசாரம் என்ற பௌத்தப் பிரிவைச் சேர்ந்த வசுபந்து இதை இருபது பாடல் அளவிலேயே எழுதி முடித்தார். எடுத்த எடுப்பிலேயே எதிராளியின் கேள்விகளைத் தாமே முன்வைக்கிறார். எல்லாம் மனத்தின் தோற்றம் என்றால், ஒரு பொருள் ஏன் குறிப்பிட்ட இடத்தில், குறிப்பிட்ட நேரத்தில் மட்டும் தெரிகிறது? அங்கே நிற்கும் எல்லோருக்கும் ஏன் தெரிகிறது? கனவில் உண்ட சோறு ஏன் பசியைத் தீர்ப்பதில்லை? இத்தனைக்கும் பதில் சொல்லிவிட்டுத்தான் மேலே போகிறார். அதே மரபில் நாலந்தாவில் புகழ்பெற்ற தர்மபாலர் நம் காஞ்சிபுரத்துக்காரர். பிறகு 13-ஆம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார் சிவஞான சித்தியார் என்ற சைவ சித்தாந்த நூலில், பிற சமயங்களை மறுக்கும் பரபக்கப் பகுதியில், யோகாசாரரை முறையாக எடுத்துக்கொண்டு மறுக்கிறார். இவர்களில் ஒருவர் பெயரும் உங்கள் கடிதத்தில் இல்லை. பேராசிரியர்கள் பதில் போடாததற்கு நீங்கள் சதியைத் தேட வேண்டியதில்லை.

குவாண்டத்தையும் விட்டுவிடுங்கள். அங்கே 'பார்ப்பது' கருவியின் வேலை. மனிதர் எட்டிப் பார்க்க வேண்டியதில்லை என்பதே இயற்பியலாளர்களில் மிகப் பெரும்பாலோரின் கருத்து. உணர்வுக்கு அதில் இடமுண்டு என்று 1961-இல் எழுதிய இயற்பியலாளர் யூஜின் விக்னரே பின்னாளில் அதிலிருந்து விலகிக்கொண்டார்.

இவையெல்லாம் அறிவுலகத் தகராறு. எனக்கு அதில் கோபமில்லை. கோபம் உங்கள் மனைவியிடம் நீங்கள் சொன்னதில். உணர்வு பற்றிக்கொண்டதே உலகம் என்று வைத்தால், ஏழை தன் வறுமையைத் தானே வரவழைத்துக்கொண்டவன், நோயாளி தன் நோயைத் தானே வளர்த்தவன் என்று ஆகிவிடும். அந்தக் கணக்கில் உங்கள் அப்பாவின் காக்கிச் சட்டையும் அவர் எண்ணிக்கொண்டதுதான். அப்படித்தானே? உங்கள் மனைவியின் சம்பளத்தில் வாங்கிய அரிசிச் சோற்றை உண்டுவிட்டு, கஷ்டம் உன் எண்ணம் என்று அவரிடமே சொல்லியிருக்கிறீர்கள். அவர் எழுந்து மட்டும் போனார். நானாக இருந்தால் தட்டையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போயிருப்பேன்.

ரமணர் வீட்டை விட்டுப் போகவில்லையா என்று உங்களைப் போன்றவர்கள் கேட்பதுண்டு. போனார், 1896-இல், 16 வயதில். அண்ணனின் கல்லூரிச் சம்பளத்துக்கு என்று கையில் கொடுத்த 5 ரூபாயில் 3 ரூபாயை எடுத்துக்கொண்டு, மீதி 2 ரூபாயைக் கடிதத்தோடு வைத்துவிட்டு, சம்பளம் இன்னும் கட்டவில்லை என்பதையும் அதில் எழுதி வைத்துவிட்டுப் போனார். உலகத்தையே துறக்கக் கிளம்பிய பையன் அண்ணனுக்குக் கணக்கு ஒப்படைத்தான். அவருக்கு மனைவியும் இல்லை, மகளும் இல்லை. தகப்பனார் முன்பே இறந்திருந்தார். பிற்பாடு தாயார் திருவண்ணாமலைக்கு வந்து மகனோடேயே தங்கினார். 1922-இல் அவர் உயிர் பிரிந்தபோது ரமணர் பக்கத்திலேயே இருந்தார். ஆசிரமச் சமையலறையில் உட்கார்ந்து காய் நறுக்கியவர் அவர். நீங்கள் அப்பாவின் கட்டிலில் உட்கார்ந்து எழுதுகிறீர்கள்.

பெற்றவர் தள்ளாத வயதில் உழைத்துக் கொண்டுவர, உடல் நலமுள்ள பிள்ளை உட்கார்ந்து உண்பது எனக்கு ஒப்பாது. பழைய காலத்து ஆள் என்று சொல்லிக்கொள்ளுங்கள், பாதகமில்லை. படிக்கவோ எழுதவோ வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. லென்ஸ் தேய்த்துப் பிழைத்துக்கொண்டேதான் ஸ்பினோசா தத்துவம் எழுதினார்.

வேலை தேடுங்கள். 3 ஆண்டு இடைவெளிக்குப் பிறகு பழைய சம்பளம் கிடைக்காது, கிடைப்பதை வாங்கிக்கொள்ளுங்கள். முதல் சம்பளம் வந்த மாதமே அப்பா இரவு வேலையிலிருந்து நிற்க வேண்டும். அதுவரை அவர் தூங்கும் நேரத்தில் டிவி ஓடாமல் பார்த்துக்கொள்வது உங்கள் பொறுப்பு. நீங்கள்தான் பகல் முழுதும் வீட்டில் இருக்கிறீர்களே. எழுத வேண்டுமானால் விடியற்காலையில் எழுந்து கூடத்தில் உட்கார்ந்து எழுதுங்கள். அவருடைய அறையில் வேண்டாம்.

மனைவியிடம் நனவியம் பற்றி இனி ஒரு வார்த்தை பேசாதீர்கள். மகளின் பள்ளிக் கட்டணம் எந்த மாதம் வரை கட்டியிருக்கிறது, கடன் ஏதாவது வாங்கியிருக்கிறாரா, நகை ஏதாவது அடகில் இருக்கிறதா என்று கேளுங்கள். 3 ஆண்டு கழித்து இப்போதுதான் கேட்கத் தோன்றியதா என்று திட்டுவார். உட்கார்ந்து கேளுங்கள். நடுவில் எழுந்து போகாதீர்கள்.