ஒரு கலப்பெண் மூலம் மட்டும் தெரிந்தால் இருபடிச் சமன்பாட்டைக் காண்பது எப்படி?

கேள்வி: 3 − 2i ஒரு மூலம் என்று மட்டும் கொடுத்து, மெய்யெண் கெழுக்கள் கொண்ட இருபடிச் சமன்பாட்டைக் கேட்கிறார்கள். இன்னொரு மூலத்தை எங்கிருந்து எடுப்பது? எனக்கு x² − 6x + 5 = 0 வருகிறது; விடையில் 5 இருக்கும் இடத்தில் 13 இருக்கிறது.

பதில்: இன்னொரு மூலம் கேள்விக்குள்ளேயே இருக்கிறது. "மெய்யெண் கெழுக்கள்" என்ற இரண்டு சொற்கள்தான் அதைத் தருகின்றன. 3 − 2i சமன்பாட்டை நிறைவு செய்கிறது என்றால், அந்தச் சமன்பாடு முழுவதற்கும் இணை எண் (i உள்ள உறுப்பின் குறியை மட்டும் மாற்றிய எண்) எடுத்துப் பாருங்கள். கெழுக்கள் மெய்யெண்கள் என்பதால் அவை மாறாது, வலப்பக்கத்து 0 மாறாது, மூலம் மட்டும் 3 + 2i ஆகிவிடும். எனவே அதுவும் மூலமே.

இந்த நிபந்தனை இல்லாவிட்டால் விடை ஒன்றாக இருக்காது. 3 − 2i, 1 ஆகிய இரண்டையும் மூலங்களாகக் கொண்டு x² − (4 − 2i)x + (3 − 2i) = 0 என்று எழுதினாலும் அது சரியான இருபடிச் சமன்பாடுதான்; கெழுக்கள்தான் மெய்யெண்கள் அல்ல.

இனி கணக்கு. மூலங்களின் கூடுதல் 6. பெருக்கற்பலன் (3 − 2i)(3 + 2i) = 9 − 4i². உங்கள் விடை தவறியது இந்த இடத்தில்தான். i² = −1 என்பதால் −4i² என்பது +4; ஆக 9 + 4 = 13. நீங்கள் i² ஐ 1 போல நடத்தி 9 − 4 = 5 என்று எழுதியிருக்கிறீர்கள். இணை எண்களைப் பெருக்கும்போது இரண்டு வர்க்கங்களைக் கூட்டுகிறோம், கழிப்பதில்லை. x² − (கூடுதல்)x + (பெருக்கற்பலன்) = 0 என்பதில் இட்டால் x² − 6x + 13 = 0.

கூடுதல், பெருக்கற்பலன் எதுவும் இல்லாமலும் இதைப் போடலாம். எங்களுக்குப் பிடித்தது இந்த வழிதான். x = 3 − 2i என்று எழுதி, மெய்ப்பகுதியை இடப்பக்கம் கொண்டுபோங்கள்: x − 3 = −2i. இருபுறமும் வர்க்கப்படுத்தினால் x² − 6x + 9 = −4; அதாவது x² − 6x + 13 = 0. வர்க்கப்படுத்தும்போது −2i, +2i என்ற வேறுபாடு மறைந்துவிடுவதால் இணை மூலம் தானாகவே உள்ளே வந்துவிடுகிறது. வர்க்கப்படுத்தும் முன் i உள்ள உறுப்பு தனியாக நிற்க வேண்டும், அவ்வளவுதான்.

சரிபார்க்கத் தன்மைகாட்டி (ax² + bx + c = 0 என்பதில் b² − 4ac) போதும்: 36 − 52 = −16. x² இன் கெழு 1 ஆக இருக்கும்போது, இது கற்பனைப் பகுதியின் வர்க்கத்தை −4 ஆல் பெருக்கியதற்குச் சமமாக வர வேண்டும். இங்கே −4 × 4 = −16, சரி. உங்கள் விடைக்கு 36 − 20 = 16 என்று மிகை எண் வருகிறது. அப்படி வந்தாலே மூலங்கள் மெய்யெண்கள், கலப்பெண்ணுக்கு இடமில்லை.

மூலத்தை 2i − 3 என்று மாற்றி எழுதிக் கொடுத்தால் பலர் இணை எண்ணை 2i + 3 என்று எழுதிவிடுகிறார்கள். நடுவில் உள்ள குறியை மாற்றுவது விதி அல்ல. i உள்ள உறுப்பின் குறிதான் மாறும். அதை முதலில் −3 + 2i என்று எழுதிக்கொண்டால் இணை எண் −3 − 2i, கூடுதல் −6, சமன்பாடு x² + 6x + 13 = 0. பின்னத்தின் பகுதியில் (கோட்டுக்குக் கீழே) i இருந்தால் முதலில் அதை நீக்குங்கள்: 5/(2 + i) என்பது 2 − i தான். பின்னமாக வந்தாலும் முறை மாறாது. (1 + i√7)/4 என்ற மூலத்துக்குக் கூடுதல் 1/2, பெருக்கற்பலன் 8/16 = 1/2; 2 ஆல் பெருக்கினால் 2x² − x + 1 = 0.

"விகிதமுறு கெழுக்கள்" என்று கேட்டால் சற்று நின்று பார்க்க வேண்டும். 2 + i√3 என்றால் சிக்கல் இல்லை, x² − 4x + 7 = 0. ஆனால் √2 + i என்றால் கிடைப்பது x² − 2√2x + 3 = 0; நடுவில் √2 நிற்கிறது. விகிதமுறு கெழுக்களோடு இதற்கு இருபடிச் சமன்பாடே கிடையாது. x² + 3 = 2√2x என்று பிரித்து இன்னொரு முறை வர்க்கப்படுத்தினால் x⁴ − 2x² + 9 = 0 என்ற நாற்படிச் சமன்பாடு வரும்.