சர்வதேசத் திரைப்பட விழா இயக்குநர் ஆக என்ன படிக்க வேண்டும்? அவருடைய வேலைதான் என்ன?

இந்தப் பட்டம் வாங்கினால் அந்த நாற்காலி என்று எதுவும் கிடையாது. பெயரில் ஒரு குழப்பமும் இருக்கிறது. சில வருடங்களுக்கு முன் ஒரு திரைப்பட விழாவில் தன்னார்வலராக வேலை பார்த்தேன். "இன்னிக்கு விழா இயக்குநர்கூட டீ குடிச்சேன்" என்று வீட்டில் சொன்னதும் அம்மா கேட்டார்: "அவர் என்ன படம் எடுத்திருக்கார்?" ஒரு படமும் எடுத்ததில்லை. அந்த வாரத்தில் அவர் ஒரு படத்தை முழுசாகப் பார்த்ததாகக்கூடத் தெரியவில்லை.

மூன்றாம் நாள் மாலைக் காட்சிக்கான ஹார்ட் டிஸ்க் முன்கூட்டியே வந்துவிட்டது. ஆனால் டிஜிட்டல் பிரதி பூட்டித்தான் வரும். இந்தத் தியேட்டரின் இந்த சர்வரில், இத்தனை மணியிலிருந்து இத்தனை மணிவரை மட்டும் திறக்கிற சாவி தனியாக மெயிலில் வர வேண்டும். எங்களுக்கு வந்திருந்த சாவி மறுநாளுக்கானது. வெளியே வரிசை தெருவரை நீண்டுவிட்டது. விழா இயக்குநர் படிக்கட்டில் உட்கார்ந்து வெளிநாட்டு விநியோகஸ்தரின் ஆளிடம் போனில் கெஞ்சிக்கொண்டிருந்தார். நடுவில் இன்னொரு போன், பாஸ் கிடைக்காத ஒரு பிரமுகரிடமிருந்து. நாற்பது நிமிடம் தாமதமாகப் படம் ஓடியது. விழா இயக்குநர் உள்ளே வரவேயில்லை.

படம் தேர்வு செய்வது வேலையில் ஒரு பகுதிதான், அதற்கும் ஒரு குழு உண்டு. மீதி எல்லாம் பணம் கொடுப்பவருக்கும் படத்துக்கும் நடுவில் நிற்பது. அதை எனக்குப் புரியவைத்தது தென்கொரியாவின் கிம் டோங்-ஹோவின் கதை.

அவர் சினிமாக்காரரே இல்லை, அரசு அதிகாரி. 1961-ல் கலாசாரத் துறையில் சேர்ந்து துணை அமைச்சர் வரை போனவர். அதன் பிறகு உட்கார்ந்த இடம் இன்னும் விசேஷம்: படங்களில் கத்திரி போடும் குழுவின் தலைவர் பதவி! 1995-ல் பூசான் நகரில் விழா தொடங்கத் துடித்த மூன்று சினிமா ஆர்வலர்கள் தேடிப்போனது இவரைத்தான். படம் பார்க்கத் தெரிந்தவர்கள் அவர்களிடமே இருந்தார்கள். எந்த மேசையில் எந்தக் கோப்பு தூங்குகிறது என்று தெரிந்த ஆள்தான் இல்லை. 1996 செப்டம்பரில் முதல் விழா, சுமார் 1,84,000 பார்வையாளர்கள். அடுத்த மாதமே, அவர் முன்பு தலைமை வகித்த அந்தக் குழுவின் முன்தணிக்கை செல்லாது என்று நாட்டின் அரசியல் சாசன நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திட்டமிட்டு எழுதினாலும் இப்படி அமையாது.

2010 வரை அவர்தான் விழாவை நடத்தினார். பகலில் மேடை, இரவில் தெருவோரக் கடையில் உலக இயக்குநர்களோடு சோஜு என்ற கொரிய மது. வேடிக்கையாகத் தோன்றும், ஆனால் இந்தத் தொழிலில் முதலீடே அந்த உறவுகள்தான்.

2014-ல் செவோல் கப்பல் விபத்து பற்றிய ஆவணப்படத்தைத் திரையிடக் கூடாது என்றது நகர நிர்வாகம். விழா திரையிட்டது. தொடர்ந்து தணிக்கை (இது கணக்குத் தணிக்கை), நிதிக் குறைப்பு. அப்போதைய விழா இயக்குநர் பதவி இழந்தார், கொரிய சினிமாக்காரர்கள் புறக்கணிப்பை அறிவித்தார்கள். 2016-ல் இரு தரப்பும் ஒத்துக்கொண்ட ஒரே பெயர் கிம் டோங்-ஹோ. அதுவரை மேயர் வகித்துவந்த விழாத் தலைவர் பதவியில், 80-ஐ நெருங்கிய வயதில் வந்து உட்கார்ந்தார். சண்டை அத்தோடு ஓயவில்லை. 2017 விழா முடிந்ததும் விலகினார்.

ஆகவே படிப்பு எதுவானாலும் சரி. டிசம்பரில் சென்னை விழா வரும்போது தன்னார்வலர் வேலை கேட்டுப் பாருங்கள். கிடைத்தால், சாவி மெயிலை வந்த அன்றே திறந்து தேதியைப் பார்த்துவிடுங்கள்.