டைட்டிலில் இத்தனை தயாரிப்பாளர்களா?

ஹாலிவுட் படங்களிலும் அமெரிக்க டிவி தொடர்களிலும் எழுத்தாளர்கள் தயாரிப்பாளர் ஆவது பற்றி நண்பர்கள் கேட்டவையும் என் பதில்களும்.

கே: ஒரு தொடரில் பத்துப் பன்னிரண்டு புரொட்யூசர் பெயர் ஓடுகிறதே, எல்லோருமா பணம் போடுகிறார்கள்?

ப: பாதிப் பேர் சல்லிக்காசு போட்டிருக்க மாட்டார்கள். சம்பளம் வாங்கும் எழுத்தாளர்கள் சார் அவர்கள். ரைட்டர்ஸ் ரூமில், அதாவது எழுத்தாளர்கள் கூடி உட்கார்ந்து கதையை உருவாக்கும் குழுவில், ஸ்டாஃப் ரைட்டராகச் சேர்ந்து ஸ்டோரி எடிட்டர், கோ-புரொட்யூசர், புரொட்யூசர் என்று ஏறுவார்கள். உச்சியில் எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர். அந்தப் பட்டம் நட்சத்திர நடிகருக்கும் முதல் எபிசோடை இயக்கியவருக்கும்கூடப் போகும். நிஜமாக நடத்துபவர் ஷோரன்னர். அந்தச் சொல்தான் டைட்டிலில் பெரும்பாலும் வராது!

கே: எழுதுபவரிடம் தயாரிப்பு வேலை எதற்கு?

ப: சினிமாவில் ஸ்கிரிப்டை வாங்கிக்கொண்டு எழுத்தாளரை வாசலோடு அனுப்பிவிடலாம், மிச்சத்தை இயக்குநர் பார்த்துக்கொள்வார். தொடரில் எபிசோடுக்கு எபிசோடு இயக்குநர் மாறுவார். மூன்றாவதில் ஒரு பாத்திரம் சொன்ன பொய் ஒன்பதாவதில் வெடிக்கப்போகிறது என்பது எழுதியவருக்குத்தான் தெரியும். அதனால் படப்பிடிப்பில் அவர் நிற்கிறார். மழைக் காட்சிக்குப் பட்ஜெட் இல்லையா, அங்கேயே உட்கார்ந்து அதைச் சமையலறைக் காட்சியாக்கித் தருகிறார். நடிகர் தேர்வும் எடிட்டிங்கும் இப்படித்தான் கைக்கு வருகின்றன. உதாரணமாக, எழுத்தாளர் வின்ஸ் கில்லிகன் எக்ஸ்-ஃபைல்ஸ் தொடருக்கு வெளியிலிருந்து ஒரு எபிசோடு எழுதிக்கொடுத்து நுழைந்தவர். அங்கேயே எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர் வரை ஏறினார். 2008-ல் பிரேக்கிங் பேட் தொடரை அவரால் தாங்க முடிந்ததற்கு அந்தப் பயிற்சிதான் காரணம் என்பேன்.

கே: எழுத்தாளர் பெயர்களுக்கு நடுவே சிலதில் ஆம்பர்சாண்ட் (&) குறி, சிலதில் 'அண்ட்' (and). அச்சுப்பிழையா?

ப: இல்லை. குறி போட்டால் இருவரும் கூட்டாக எழுதினார்கள். 'அண்ட்' என்றால் தனித்தனியாக. பெரும்பாலும் ஒருவர் எழுதியதை இன்னொருவர் பிறகு திருத்தி எழுதியிருப்பார். தகராறு வந்தால் எழுத்தாளர்களின் தொழிற்சங்கமான ரைட்டர்ஸ் கில்டின் நடுவர்கள் வரைவுகளைப் படித்துத் தீர்ப்பார்கள். நடுவர் யாரென்று வெளியே தெரியாது.

கே: ஹாலிவுட் எழுத்தாளர்களின் 2023 வேலைநிறுத்தம் சம்பளத்துக்காகத்தானே?

ப: சம்பளமும்தான். ஆனால் 148 நாள் தாக்குப்பிடிக்க வைத்தது எழுத்தாளர் தயாரிப்பாளராக ஏறும் இந்த ஏணி உடைந்த கோபம். ஸ்ட்ரீமிங் வந்தபின் 'மினி ரூம்' என்று நாலைந்து பேரைச் சில வாரம் உட்காரவைத்து, படப்பிடிப்புக்கு முன்பே எல்லாவற்றையும் எழுதி வாங்கி அனுப்பிவிட்டார்கள். செட்டையே பார்க்காதவர் நாளை ஷோரன்னர் ஆவது எப்படி? வேலைநிறுத்தத்தின் முடிவில் வந்த 2023 ஒப்பந்தப்படி 7 முதல் 12 எபிசோடு தொடருக்குக் குறைந்தது 5 எழுத்தாளர்கள். ஒரே ஆள் முழுவதும் எழுதினால் விலக்கு.

கே: ரெசிடுவல்?

ப: மறு ஒளிபரப்புக்கும் மறு பயன்பாட்டுக்கும் வரும் தொகை. வேலையில்லாத மாதங்களுக்கு அதுதான் கைகொடுக்கும்.

கே: ஸ்கிரிப்டை நேரே ஸ்டுடியோவுக்கு அனுப்பலாமா?

ப: படிக்காமலே திருப்பி அனுப்புவார்கள் தம்பி. நாளைக்கு 'என் கதையைத் திருடிவிட்டார்கள்' என்று வழக்கு வரும் என்ற பயம். ஏஜென்ட் அல்லது மேனேஜர் வழியாகத்தான் போகவேண்டும். அதற்கு நீங்களே கற்பனை செய்த ஒரு தொடரின் முதல் எபிசோடு ஸ்கிரிப்ட் கையில் இருக்கட்டும்.