அம்மா வீணை வாசித்த அந்த நேரலை கிடைக்குமா?

கேள்வி: என் அம்மா 1977-இல் சென்னைத் தொலைக்காட்சியில் நேரடி ஒளிபரப்பில் வீணை வாசித்தார். அந்த வீடியோவை எடுத்துத் தருவதாகச் சொல்லி ஒருவர் 40,000 ரூபாய் முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள்.

சென்னை நிலையம் தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15-இல். நேரலை என்றால் ஸ்டுடியோவில் வாசித்தது அப்படியே வீடுகளுக்குப் போய்விடும். டேப்பில் ஏற வேண்டிய அவசியமே இல்லை. அப்படியே ஏறியிருந்தாலும் தங்கவில்லை. டேப் விலை அதிகம், அதனால் பழையதை அழித்து அதன்மேலேயே புதியதைப் பதிவார்கள். பிபிசியே இப்படி நிறைய அழித்திருக்கிறது. புகழ்பெற்ற வித்வான் என்றால் ஒருவேளை எடுத்து வைத்திருப்பார்கள். உங்கள் அம்மா மாதிரி ஒருமுறை வந்து போன கலைஞர்கள், அந்தக் கால அறிவிப்பாளர்கள் எல்லாம் பெரும்பாலும் காற்றோடு போய்விட்டார்கள்.

இந்தத் தரகர்களின் வழக்கமான வேலை, ‘சாம்பிள்’ என்று பத்து வினாடித் துண்டு ஒன்றை அனுப்புவது. அதில் புடவை நிறம் தெரிகிறதா பாருங்கள். இங்கே கலர் ஒளிபரப்பு வந்ததே 1982-இல்தான். 1977 நேரலை கலரில் இருந்தால் அது வேறு யாரோ, வேறு எப்போதோ. ‘உள்ளே ஆள் இருக்கிறார்’ என்பார்கள். இருக்கட்டும், டேப் இருக்க வேண்டுமே!

ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு. அம்மா வாசித்தது ஸ்டுடியோவிலா, வெளியிலா என்று நன்றாகக் கேட்டுக்கொள்ளுங்கள். கோயில் விழாவிலோ சபாவிலோ வாசித்ததைச் செய்திக்காக எடுத்திருந்தால், அது 16 மி.மீ. ஃபிலிமாக இருக்க வாய்ப்புண்டு. டேப்பை அழித்து மறுபடி பதியலாம், ஃபிலிமை முடியாது. அதனால் எங்காவது ஒரு டப்பாவில் கிடக்கலாம். கிடக்கலாம் என்றுதான் சொல்கிறேன். ஸ்டுடியோ நேரலைக்கு இது பொருந்தாது.

தேடித்தான் பார்ப்பேன் என்றால், தகவல் உரிமைச் சட்டப்படி, தூர்தர்ஷனை நடத்தும் பிரசார் பாரதிக்கு மனுப் போடுங்கள். கட்டணம் 10 ரூபாய். 30 நாளில் பதில் தர வேண்டும். பெயர், தேதி, நிகழ்ச்சி மூன்றையும் எழுதி, ‘இந்தப் பதிவு காப்பகத்தில் உள்ளதா?’ என்று மட்டும் கேளுங்கள். கதை எழுதினால் ‘தகவல் இல்லை’ என்று ஒற்றை வரியில் முடித்துவிடுவார்கள். எழுதாவிட்டாலும் அப்படி முடிப்பதுண்டு, அது வேறு விஷயம். அப்போது 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யுங்கள்.

அப்புறம், வீட்டுப் பரணைப் பாருங்கள். நிலையம் அனுப்பிய ஒப்பந்தக் கடிதம் இருந்தால் தேதி உறுதியாகும். டிவியைப் பார்த்து யாராவது படம் எடுத்திருந்தால் திரையின் குறுக்கே ஒரு கறுப்புப் பட்டை விழுந்திருக்கலாம். அதைக் கெட்டுப்போன படம் என்று ஒதுக்காதீர்கள், டிவி திரையைப் பார்த்து எடுத்த படம் என்பதற்குச் சாட்சியே அதுதான். டேப் ரெக்கார்டரை டிவி பக்கத்தில் வைத்துப் பாட்டுப் பிடித்த வீடுகளும் உண்டு. அப்படிக் கேசட் கிடைத்தால், ஆசையில் உடனே போட்டுக் கேட்டுவிடாதீர்கள். பழைய நாடா சிக்கி அறுந்துவிடலாம். ஒலிநாடாக்களை டிஜிட்டலுக்கு மாற்றுபவரிடம் முதலில் கொடுங்கள், அவர் மாற்றும்போது கூடவே உட்கார்ந்து கேளுங்கள்.